ஆறாவது ஆள் ஒத்து ஊதட்டும்

கேள்வி: வணக்கம் ஐயா. எனக்கு நீடாமங்கலம் பக்கம் ஒரு கிராமம். ஃபேன்டஸி நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். கதை நடக்கும் நாட்டில் வருஷத்துக்கு நூறு நாள்தான் ஆற்றில் தண்ணீர் ஓடும், மீதி நாளெல்லாம் வெறும் மணல். அந்த மணலில் ஆறு பேர் கூடி, யாரும் கேட்டிராத ஓர் இசையை உண்டாக்கப் பார்க்கிறார்கள். ஊர்க்காரர்கள் அவர்களை 'மணல் கோஷ்டி' என்று கேலி செய்கிறார்கள். ஒருவனிடம் ஊதினால் நிறம் தெரியும் கொம்பு, இன்னொருவனிடம் ஐந்து வாய் உள்ள முழவு. ஆற்றின் இரு கரையிலும் 300 மீட்டர் இடைவெளியில் நின்று இருவர் தோல்கருவி அடிக்கிறார்கள். ஐந்தாவதாக ஒரு பெண், நரம்புக் கருவி வாசிக்கிறவள். ஆறாவது ஆள் மௌனத்தை வாசிக்கிறவர். மூன்று அத்தியாயம் படித்த நண்பர்கள், "நன்றாக இருக்கிறது, ஆனால் பாட்டு காதில் விழவில்லை" என்கிறார்கள். என்ன செய்வது? ராகப் பெயர்களைப் பயன்படுத்தலாமா? ஐந்து வாய் முழவை வாசகர்கள் நம்புவார்களா? என் தாத்தா தவில்காரர். அவர் இருந்திருந்தால் இதை ஒப்புக்கொண்டிருப்பாரா என்றும் உள்ளுக்குள் ஒரு பயம்.

பதில்:

அன்புள்ள தம்பிக்கு,

நீங்கள் அனுப்பிய மூன்று அத்தியாயங்களையும் இரண்டு தடவை படித்தேன். இருபத்தைந்து வருஷமாக இந்தப் பக்கத்துக் கோயில்களிலும் கச்சேரி மேடைகளிலும் மைக் வைத்து ஒலிப்பதிவு செய்வதுதான் என் தொழில். கதை எழுதிப் பழக்கமில்லை. ஒரு சத்தம் எங்கிருந்து கிளம்புகிறது, ஏன் அப்படிக் கேட்கிறது என்பது மட்டும் தெரியும். அதை வைத்துக்கொண்டுதான் பேசுகிறேன்.

நண்பர்கள் சொன்னது சரி. ஆனால் குறை உங்கள் நடையில் இல்லை. முதல் பக்கத்திலேயே மணல் கோஷ்டி வாசிக்கத் தொடங்கிவிடுகிறது. அந்த நாட்டில் கல்யாணத்துக்கு என்ன வாசிப்பார்கள், சாவுக்கு என்ன வாசிப்பார்கள், தண்ணீர் வந்தால் எதைக் கொட்டுவார்கள் என்று படிக்கிறவருக்கு ஒன்றும் தெரியாது. வழக்கம் காதில் ஏறியிருந்தால்தானே அதை மீறுவது காதில் விழும்? நீங்கள் "இதுவரை யாரும் கேட்டிராத இசை" என்று எழுதுகிறீர்கள். நாங்கள்தான் அந்த நாட்டில் எதையுமே கேட்டதில்லையே.

நம் ஊரில் திருவிழாக் காலத்தில் நடப்பதை நினைத்துப் பாருங்கள். அடுப்படியில் வேலையாக இருக்கிறார் அம்மா. கோயில் பக்கம் கம்பீர நாட்டை ராகத்தில், சுவாமி புறப்பாட்டுக்கென்று வாசிக்கும் மல்லாரி கேட்கிறது. "சுவாமி புறப்பட்டாச்சு" என்று கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்கு வருகிறார். யாரும் வந்து சொல்லவில்லை, மேளம் சொல்லிவிட்டது. மல்லாரிக்குச் சாகித்யம் கிடையாது, அதனால் வார்த்தையாலும் சொல்லவில்லை. அந்த அம்மா சங்கீதம் படித்தவரும் இல்லை. ஆனால் என்றைக்காவது அந்த இடத்தில் நாகஸ்வரம் ஊதும் நாயனக்காரர் வேறு எதையாவது எடுத்தால் அவருக்குத்தான் முதலில் நெருடும். உங்கள் நாட்டுக்கும் அப்படி ஓர் அடுப்படி வேண்டும். கோஷ்டியைக் கொண்டுவரும் முன் ஓர் அத்தியாயம் அதற்கே கொடுங்கள்.

இன்றைய வழக்கம் பலவும் நேற்றுப் பரிசோதனையாக இருந்ததுதான். ஒரு காலத்தில் இங்கே ஊதியது திமிரி நாயனம். குட்டையானது, உச்சச் சுருதி, நாலு கட்டை, ஐந்து கட்டை. தெருத்தெருவாகப் போகும் புறப்பாட்டுக்கு ஏற்றது, நாலு வீதி தாண்டிக் கேட்கும். திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை நீளமான பாரி நாயனத்தைக் கையில் எடுத்தார். சுருதி இரண்டு, இரண்டரைக் கட்டைக்கு இறங்கியது. அதற்கேற்ற குழலை, நாயனம் செய்யும் ஊரான நரசிங்கம்பேட்டையின் ஆசாரி கடைந்து கொடுத்தார். உட்கார்ந்து மணிக்கணக்கில் ராகம் ஆலாபனை செய்ய அது இடம் கொடுத்தது. இன்றைக்கு நாகஸ்வரம் என்றாலே நம் காதில் விழுவது அந்தப் பாரிதான். நரசிங்கம்பேட்டை நாகஸ்வரத்துக்கு 2022-இல் புவிசார் குறியீடும் கிடைத்தது. புதுமை எல்லாம் வாசிப்பில் மட்டும் பிறக்கவில்லை, மரத்திலும் கடைசலிலும் பிறந்தது என்பதைக் கவனியுங்கள்.

இனி உங்கள் கொம்புக்கு வருகிறேன். ஊதினால் நிறம் தெரியும் என்கிறீர்கள். அது உங்கள் உலகத்து மாயம், அதில் நான் கை வைக்கவில்லை. ஆனால் கொம்பு எதில் செய்தது? எந்த மரம்? யார் கடைந்தது? மூன்று அத்தியாயத்திலும் அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

நரசிங்கம்பேட்டைக்கு ஒரு நடை போய்ப் பாருங்கள். நாயனத்தின் உலவு, அதாவது குழல், ஆச்சா மரத்தில் ஆனது. புதிதாக வெட்டிய மரம் உதவாது. பழைய வீடுகளைப் பிரிக்கும்போது கிடைக்கும், பல காலம் காய்ந்து இறுகிய உத்தரங்களைத் தேடி வாங்குவார்கள். ஒரு குடும்பத்தின் கூரையைத் தாங்கிய மரம் இன்னொரு குடும்பத்தின் வாயில் பாடுகிறது! கடைந்து முடித்தபின் அடியில் அணசு என்ற விரிந்த வாய், மேலே கெண்டை என்ற சின்ன உலோகக் குழாய், கெண்டையில் ஊதுவதற்குச் சீவாளி. விரல் வைத்து வாசிக்க ஏழு துளை. கீழே இன்னும் ஐந்து துளை உண்டு. அதில் யாரும் விரல் வைப்பதில்லை, வேண்டியதை மெழுகு வைத்து அடைத்துச் சுருதியைச் சரிசெய்துகொள்வார்கள்.

சீவாளியைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறீர்களா? கரையோரம் விளையும் நாணல் வகைத் தட்டையைப் பதப்படுத்தி, நசுக்கி, நூலால் கட்டியது. சுண்டுவிரல் அளவுகூட இருக்காது. வாசிக்கும் முன் அதை வாயில் போட்டு நனைத்து வைத்திருப்பார்கள். நாயனத்தின் மேற்பக்கத்தில் நூலில் ஒரு கொத்தாக மாற்றுச் சீவாளிகள் தொங்கும், கூடவே துவாரத்தைத் திறந்து சரிசெய்ய ஓர் ஊசி. இத்தனை நீளக் குழலும் அந்தத் துண்டுத் தட்டைக்குக் கட்டுப்பட்டது. அது சரியில்லை என்றால் வித்வான் எவ்வளவு பெரியவராக இருந்தாலும் அன்றைக்குத் திண்டாட்டம்தான்.

இப்போது உங்கள் நாட்டை நினைத்துப் பாருங்கள். ஆற்றில் நூறு நாள்தான் தண்ணீர். அப்புறம் கரையில் நாணல் எப்படி விளையும்? சீவாளிக்கு எங்கே போவார்கள்? ஒரு வீட்டில் மிச்சமிருக்கும் பத்துச் சீவாளியைத் தாத்தா துணியில் முடிந்து வைத்திருப்பார். கல்யாணத்துக்கு ஒன்று எடுத்தால், வருகிற திருவிழாவுக்கு ஒன்று குறையும். பேரன் தெரியாமல் ஒன்றை எடுத்து மணலில் போய் ஊதிப் பார்க்கிறான். இது திருட்டா, பரிசோதனையா?

உங்கள் நாவலின் உயிர் இங்கேதான் இருப்பதாக எனக்குப் படுகிறது. இப்போது மணல் கோஷ்டி புதுமை ஆசையில் புதுமை செய்கிறது. அது படிக்கிறவரைத் தொடாது. நாணல் பட்டுப்போய், பழைய இசையைப் பழையபடி வாசிக்க வழியே இல்லாமல், கையில் இருப்பதை வைத்து ஏதாவது செய்தாக வேண்டிய ஆறு பேர் என்றால், ஒவ்வொரு சத்தத்துக்கும் ஒரு காரணம் வந்துவிடும். ஊர்க்காரர்களின் கேலிக்குள் இருக்கும் வருத்தமும் புரியும்.

கரைக்கொருவராக நிற்கும் இரண்டு பேரைப் பற்றித்தான் நிறையச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அங்கே நீங்கள் தெரியாமலே ஒரு புதையல் மேல் நிற்கிறீர்கள். "இருவரும் ஒரே கணத்தில் ஒரே தாளத்தில் அடிக்க, ஒரே முழக்கமாகக் கேட்டது" என்று எழுதியிருக்கிறீர்கள். நினைத்த வேகத்திலெல்லாம் அது நடக்காது. சத்தம் ஒரு நொடியில் ஏறத்தாழ 350 மீட்டர்தான் போகும். 300 மீட்டர் தாண்ட ஒரு நொடிக்குக் கொஞ்சம் குறைவாக ஆகும். இக்கரைக்காரர் காதில் அக்கரை அடி அவ்வளவு பிந்தி விழும். அவர் அதற்குக் காத்திருந்து சேர்ந்துகொள்ளப் பார்த்தால், அக்கரைக்காரருக்கு இவர் இன்னும் பிந்துவார். ஆளுக்காள் இழுத்து இழுத்து, கொஞ்ச நேரத்தில் தாளமே நின்றுவிடும்.

இதை நான் அடிபட்டுக் கற்றேன். தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு கோயில் பிராகாரத்தில் மேளம் பதிவு. நாயனத்துக்குப் பக்கத்தில் ஒரு மைக், கோயிலின் முழக்கமும் கிடைக்கட்டும் என்று நாற்பது மீட்டர் தள்ளி இன்னொன்று. இரண்டையும் அங்கேயே ஒன்றாகக் கலந்து பதிந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து கேட்டால் தவிலின் ஒவ்வொரு சொல்லும் இரண்டு முறை விழுகிறது. நாற்பது மீட்டருக்கு ஒரு நொடியில் ஒன்பதில் ஒரு பங்கு. தவில் போடும் வேகத்துக்கு அது போதும், சொற்கட்டு முழுவதும் குழம்பிப்போனது. அந்தத் தவில்காரர் அன்று வாசித்ததுபோல் அப்புறம் நான் கேட்கவில்லை. இன்றைக்கும் அந்த நாடாவை வைத்திருக்கிறேன்.

சரி, அந்தப் பிந்தலையே உங்கள் கோஷ்டியின் கண்டுபிடிப்பாக ஆக்குங்கள். அடிக்கும் அடிக்கும் உள்ள இடைவெளியைச் சத்தம் ஆற்றைத் தாண்டும் நேரமாகவே வைத்துக்கொண்டால் என்ன ஆகும்? நான் இப்போது அடிக்கிறேன். அக்கரைக்காரரின் முந்தைய அடி சரியாக இந்தக் கணத்தில் என்னிடம் வந்து சேர்கிறது. எனக்கு அவர் ஒன்றி வாசிப்பதாகக் கேட்கிறது, அவருக்கும் அப்படியே. நடு மணலில் நிற்கிறவருக்கு இரண்டும் ஒன்றாகவே விழும். தாளத்தை ஆறே போட்டுக்கொடுத்துவிட்டது! கணக்கு வேண்டுமென்றால், 35 டிகிரி வெயிலில் நிமிடத்துக்கு 70 அடி வரும். இரவு 25 டிகிரிக்கு இறங்கினால் காற்றில் சத்தம் கொஞ்சம் மெதுவாகப் போகும், 69 அடிதான் வரும். பகல் காலப்பிரமாணத்திலேயே இரவும் அடித்தால் இரண்டு அடியும் லேசாகப் பிளந்து 'தத்தோம்' என்று கேட்கத் தொடங்கும். இருட்ட இருட்ட அவர்கள் ஓர் இழை மெதுவாக வாசித்தாக வேண்டும். ஏன் என்று அவர்களுக்குத் தெரியாது. "ராத்திரியில் ஆறு அகலமாகிறது" என்று உங்கள் நாட்டில் ஒரு பேச்சு இருக்கட்டும். தண்ணீர் வந்து அகலமே மாறும் அந்த நூறு நாளில் என்ன செய்வார்கள் என்பதை உங்களுக்கே விட்டுவிடுகிறேன்.

ஐந்து வாய் முழவை நம்புவார்களா என்று கேட்டிருந்தீர்கள். தம்பி, நீடாமங்கலத்திலிருந்து திருவாரூருக்கு எவ்வளவு நேரம்? தியாகராஜர் கோயிலில் பஞ்சமுக வாத்தியம் இருக்கிறது, குடமுழா என்றும் சொல்வார்கள். பெரிய வெண்கலக் குடம், மேலே ஐந்து வாய், ஒவ்வொன்றுக்கும் தோல். சத்யோஜாதம், வாமதேவம், அகோரம், தத்புருஷம், ஈசானம் என்று சிவனின் ஐந்து முகங்களாகவே அவற்றைச் சொல்வது மரபு. திருத்துறைப்பூண்டியிலும் ஒன்று உண்டு. போய்ப் பாருங்கள், பார்த்தபின் உங்கள் முழவை அதே மாதிரி எழுதாதீர்கள். உங்கள் நாட்டில் அந்த ஐந்து வாய்க்கும் வேறு ஐந்து பெயர் இருக்கும். பெயர் தெரிந்தால் எந்த வாயை எப்போது அடிக்கக்கூடாது என்பதும் தெரிந்துவிடும்.

ராகப் பெயர் வேண்டாம் என்பதே என் கருத்து. 'பூபாளம்' என்று எழுதிய கணமே நம் ஊர் விடியற்காலை வந்து உட்கார்ந்துகொள்ளும், உங்கள் நாட்டு விடியலுக்கு இடம் இருக்காது. ஸரிகமவும் வேண்டாம். நம்மிடமே பழைய பெயர்கள் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்று ஏழு இருந்தன. ஒரு நாட்டு மக்கள் சுரத்துக்குச் சொந்தப் பெயர் வைப்பார்கள் என்பதற்கு இது போதும். உங்கள் ஆட்கள் படித்துறையின் படிகளை வைத்துப் பெயரிடலாம்: மேல்படி, பாசிப்படி, மூழ்கியபடி என்று. தண்ணீரில்லாத காலத்தில் 'மூழ்கியபடி' என்ற சுரத்தை வாசிக்கலாமா என்று ஒரு சண்டை வரும். வரட்டும்.

ஒன்றை மட்டும் மாற்றாதீர்கள். நரம்பை அதே இழுப்பில் வைத்து, மூன்றில் இரண்டு பங்கு நீளத்தில் அழுத்தினால் 'ப' என்ற பஞ்சமம் பிறக்கும், பழையவர்கள் சொன்ன இளி. நரம்பு என்று ஒன்று இருக்கும் எந்த உலகத்திலும் அது அப்படித்தான். மற்றவற்றை எங்கே வைப்பது என்பதில் நம் ஆட்களே சண்டை போட்டிருக்கிறார்கள். தஞ்சாவூரில் வைத்தியராக இருந்த ஆபிரகாம் பண்டிதர் (1859–1919) ஒரு ஸ்தாயிக்கு (ஒரு 'ஸ' முதல் அடுத்த 'ஸ' வரை) 22 நுண்சுருதி என்பதை ஏற்காமல் 24 என்று கடைசிவரை வாதாடினார். உங்கள் ஐந்தாவது ஆளான அந்தப் பெண்ணுக்கு இந்தப் பிடிவாதத்தைக் கொடுங்கள். தஞ்சாவூர் வீணையில் 24 மெட்டுகளும் மெழுகின் மேல் உட்கார்ந்திருக்கின்றன. அந்த மெழுகு இளகினால் மெட்டை நகர்த்தி, சுரத்துக்குச் சரியாக மறுபடி பதிக்கலாம், இதை மேளம் கட்டுவது என்பார்கள். உச்சிவெயில் மணலில் அவள் மெழுகு இளகும் நேரத்துக்காகக் காத்திருப்பதாக எழுதினால் நான் ஆசையாகப் படிப்பேன்.

நடை பற்றி ஒரே ஒரு இடம். "கொம்பிலிருந்து தேனினும் இனிய, விண்ணைத் தொடும் அமுத நாதம் பிறந்து எட்டுத் திக்கும் பரவியது" என்று எழுதியிருக்கிறீர்கள். இதில் எனக்கு ஒரு சத்தமும் கேட்கவில்லை. இப்படி இருந்தால்: "அவன் தட்டையை நாக்கில் நனைத்தான். முதல் ஊதலில் காற்று மட்டும் வந்தது. இரண்டாவதில் ஒரு கரகரப்பு. மூன்றாவதில் சுரம் நின்றது. மணலில் ஊற்றுத் தோண்டிக்கொண்டிருந்தவள் கையை நிறுத்தினாள்." நான் எழுத்தாளன் இல்லை, உங்களுக்கு இதைவிட நன்றாக வரும். வாயும் விரலும் தோலும் என்ன செய்கின்றன, கேட்டவர் என்ன செய்தார் என்று எழுதினால் போதும்.

காவிரி கடலில் கலக்கும் புகாரில் மாதவி அரங்கேறியதைச் சொல்லும் சிலப்பதிகார அடிகளைப் பாருங்கள். "குழல்வழி நின்றது யாழே" என்கிறார் இளங்கோ. யாழின் வழியே தண்ணுமை, தண்ணுமையின் பின்னே முழவு, முழவோடு கூடி ஆமந்திரிகை, மூன்றும் தோல்கருவிகள். இனிமை என்று ஒரு வார்த்தை இல்லை. எது எதன்வழி நிற்கிறது என்பதை மட்டும் சொல்கிறார், கோஷ்டி முழுவதும் கண்முன் வந்துவிடுகிறது. உங்கள் ஆறு பேரில் யார் யார்வழி நிற்கிறார்கள்? ஒரு காகிதத்தில் எழுதிக்கொள்ளுங்கள். அந்த வரிசை என்றைக்குக் கலைகிறதோ அன்றைக்குத்தான் உங்கள் கதையில் பரிசோதனை நடக்கிறது.

மௌனம் வாசிக்கிறவரைப் பற்றி. இப்போது அவர் மூன்று அத்தியாயமும் சும்மா நிற்கிறார், நீங்கள் அதை ஆழமானது என்று சொல்லிக்கொண்டே இருக்கிறீர்கள். அவரை ஒத்து ஊத வையுங்கள். சுருதிப் பெட்டி வருவதற்கு முன் எல்லா மேளத்திலும் ஒத்துக்காரர் ஒருவர் இருந்தார், உங்கள் தாத்தாவுக்கு நன்றாகத் தெரிந்திருக்கும். துளையில் விரல் ஓட்டாமல், ஒரே சுரத்தை, மூச்சு விடுவது தெரியாமல் ஊதிக்கொண்டே இருப்பார். கன்னத்தில் காற்றை அடக்கி, அதை வெளியே விடும் நேரத்துக்குள் மூக்கால் இழுத்துக்கொள்வார். கன்னம் மட்டும் சின்னதாக உப்பி இறங்கும். யாரும் அவரைப் பார்க்க மாட்டார்கள், கொஞ்ச நேரத்தில் அந்தச் சத்தமே காதில் இருப்பது மறந்துவிடும். ஒருநாள் பதிவின்போது ஒத்துக்காரருக்கு இருமல் வந்து நிறுத்திவிட்டார். தரையே நழுவியதுபோல் மொத்தக் கூட்டமும் திரும்பிப் பார்த்தது. நாயனமும் தவிலும் தொடர்ந்து வாசித்துக்கொண்டுதான் இருந்தன, ஆனாலும் அந்த இடத்தில் ஒரு பெரிய மௌனம் விழுந்தது. உங்கள் ஆறாவது ஆளும் பத்து அத்தியாயம் ஊதட்டும். நடுநடுவே ஒரு வரியில் மட்டும் அவரைத் தொட்டுக்கொண்டு போங்கள். பதினொன்றாவதில் நிறுத்தட்டும். அப்போது மௌனத்தை அவர் வாசிப்பார்.

தாத்தா ஒப்புக்கொண்டிருப்பாரா என்பதற்கு நான் எப்படிப் பதில் சொல்வது? ஆனால் இந்த மண்ணைப் பற்றித் தெரிந்ததைச் சொல்லலாம். இரண்டாம் சரபோஜி (ஆட்சி 1798–1832) தஞ்சாவூர் அரண்மனையில் மேல்நாட்டு பேண்ட் வைத்திருந்தார். அந்தக் காலத்தில்தான் வயலின் நம் கச்சேரிக்குள் வந்தது, அந்த நூற்றாண்டிலேயே சதிருக்கு (இன்றைய பரதநாட்டியத்துக்கு) வாசிக்கும் சின்ன மேளத்தில் கிளாரினெட்டும் நுழைந்தது. திருவாரூரில் பிறந்த முத்துசுவாமி தீட்சிதர் மேல்நாட்டு மெட்டுகளுக்குச் சமஸ்கிருதத்தில் சாகித்யம் செய்தார். தவிலையே எடுத்துக்கொள்ளுங்கள். முன்பு தோல்வாரில் இழுத்துக் கட்டியதை இப்போது இரும்பு வளையமும் போல்ட் நட்டும் போட்டு முறுக்குகிறார்கள். உங்கள் தாத்தா எந்தத் தவில் வைத்திருந்தார்? வலது கை விரல்களுக்குக் கூடு எதில் செய்துகொண்டார்? வீட்டில் பரணில் இருந்தால் இறக்கிப் பாருங்கள். பலா மரக் கட்டையில் தோளில் தொங்கிய வார் உரசிய தடம் இருக்கும். தவில் மேதை மீனாட்சிசுந்தரம் பிள்ளை பெயரோடு சேர்ந்த ஊர்க்காரர் நீங்கள், தவிலைப் பற்றி நான் உங்களுக்குச் சொல்வதைவிட அந்தக் கட்டை அதிகம் சொல்லும்.

அப்புறம் ஒரு வேலை செய்யுங்கள். யாராவது நாயனக்காரரிடம் கேட்டு, கழித்துப்போட்ட பழைய சீவாளி ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். வாயில் வைத்து நன்றாக நனைத்து, குழல் இல்லாமல் அதை மட்டும் ஊதிப் பாருங்கள். முதல் நாள் சத்தமே வராமல் போகலாம். உதடு வலிக்கும். என்றைக்கு வருகிறதோ அன்றைக்கு இரவே முதல் அத்தியாயத்தைத் திரும்ப எழுத உட்காருங்கள். எழுதியதை எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்,
கும்பகோணத்திலிருந்து உங்கள் ஒலிப்பதிவாளர்